சர்வர் சுந்தரத்தோட அம்மா

2012 தொடக்கத்தில் சங்கரன்கோவிலில் எங்க வீட்டில் இரவுச் சாப்பாடும் விஜய் டிவியின் ‘சரவணன் மீனாட்சி’யும் ஒன்றாகத்தான் நடக்கும். ஒருநாள் திரையில் பாட்டி வந்ததும், சோற்றைப் பிசைந்துகொண்டிருந்த அம்மா, “ஏ, சர்வர் சுந்தரத்தோட அம்மால்லா இவங்க!” என்றாள். பேர் என்னம்மா என்று கேட்டேன். தெரியல. எனக்கும் அப்போது தெரியாது.

எஸ்.என். லட்சுமி. அந்தத் தொடர் ஓடிக்கொண்டிருக்கும்போதே, பிப்ரவரி 20 அன்று, சென்னையில் இறந்துபோனார்.

அதற்குப் பிறகுதான் தேட ஆரம்பித்தேன். பெயருக்கு முன்னால் நிற்கிற ‘எஸ்’ விருதுநகர் பக்கத்துச் சென்னல்குடி. எங்க ஊரில் பொதிகை ரயிலில் ஏறினால் ராஜபாளையம், சிவகாசி தாண்டி விருதுநகர், அவ்வளவுதான் தூரம். சின்ன வயசிலேயே வீட்டைவிட்டுக் கிளம்பி நாடகக் குழுவில் சேர்ந்தவர். ஜெமினியின் ‘சந்திரலேகா’ (1948) முரசு நடனத்தில் கூட்டத்தில் ஒருத்தி. அந்த நடனத்தை நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன், முகத்தைப் பிடிக்க முடியல.

1500 படம், 6000 நாடகம் என்று அவரைப் பற்றிச் சொல்வார்கள். எனக்கு இந்த வகைக் கணக்கில் நம்பிக்கை கிடையாது. அறுபது வருஷத்துக்கு 1500 படம் என்றால் வருஷத்துக்கு 25! ஆனால் பொய் என்று தள்ளவும் வழியில்லை. இந்த மாதிரி நடிகைகளின் பெயர் டைட்டிலில் பத்துப் பேரோடு பத்தாக ஓடும், யார் எந்த வேஷம் என்று இருக்காது. சீரியலில் அந்த எழுத்தையும் யாரும் வாசிக்கிற வேகத்தில் ஓட்டுவதில்லை. எண்ணிக்கையைத்தான் சொல்லத் தெரிகிறது நமக்கு. என்ன செய்தார் என்று எழுத ஆளில்லை.

‘சர்வர் சுந்தரம்’ 1964இல் வந்தது. நாகேஷ் அப்போதுதான் முப்பதைத் தொட்டவர். அவருக்குத் தாயாக நடித்த லட்சுமிக்கு நாற்பதுகூட ஆகலை. மகன் சினிமா ஸ்டாராகிவிட்டான். பெரிய வீட்டில் அம்மா தனியாக. அவள் சாகக் கிடக்கும்போது மகன் ஷூட்டிங்கில். படம் பார்த்த எல்லாரும் நாகேஷின் அழுகையைத்தான் பேசுவார்கள், பேசட்டும். ஆனால் அந்த அழுகை நம்மைத் தொடுவதற்குக் காரணம், அதற்கு முன்பே அந்த அம்மா நம்ம வீட்டு ஆள் ஆகிவிட்டிருப்பதுதான். அந்த வேலையை முடித்துவைத்தவர் லட்சுமி.

இதன் பலன் என்ன ஆச்சு? அம்மா, அப்புறம் பாட்டி. அழுகிற அம்மாவாக அவர் வந்த படங்கள் பலவற்றில் எனக்குச் சலிப்புத்தான். கதையில் வேலையில்லை, முந்தானையால் கண்ணைத் துடைக்க ஒரு ஆள் வேணும், அவ்வளவே. அதில் அவர் புதுசாக எதுவும் செய்யவும் இல்லை.

கமல்ஹாசனின் படங்களில்தான் அவர் வேறு ஆளாகத் தெரிகிறார். ‘மைக்கேல் மதன காமராஜன்’ (1990) பாட்டியை நினைத்துப் பாருங்கள். திருட்டுக் கை. ஊர்வசியின் பாட்டி. முகத்தில் ஒரு பாவமும் அறியாத சாந்தம், கை மட்டும் தன்பாட்டுக்கு வேலை பார்க்கும். சிரிக்க வைக்கிறோம் என்ற நினைப்பே அந்த முகத்தில் இருக்காது. மேடையில் வருஷக்கணக்கில் நின்றவர்களுக்குத்தான் இந்த நிதானம் வரும் என்பது என் எண்ணம். பேசுவதோ அக்ரஹாரத்துத் தமிழ்.

‘விருமாண்டி’யில் (2004) அதே வாய் தேனிப் பக்கத்துக் கிழவியாகப் பேசுகிறது. இங்கே அவர் நடிக்கிறார் என்றே எனக்குத் தோணல. சொந்த ஊர்க் காற்று அது. நம்ம பக்கத்துப் பேச்சைச் சென்னை நடிகர்கள் ‘ஏலே’ என்று இழுத்துக் கெடுப்பதைக் கேட்டு நொந்தவர்களுக்கு இதன் அருமை தெரியும்.

இரண்டுக்கும் நடுவில் ‘மகாநதி’ (1994). மருமகன் சிறையில், இரண்டு பேரக்குழந்தைகளோடு தனித்து நிற்கிற மாமியார். அவர் உடம்புக்கு முடியாமல் விழுவதில்தான் குடும்பமே சிதறுகிறது. அவர் வரும் நேரம் கொஞ்சம்தான். ஆனாலும் அந்தக் கிழவி நின்ற இடம் காலியாகும்போது பிள்ளைகளுக்கு என்ன ஆகுமோ என்று வயிறு பிசைகிறதே, அது வசனத்தால் வந்ததில்லை.

இப்படிப்பட்டவரை ‘குணச்சித்திர நடிகை’ என்ற ஒரே சொல்லில் கட்டிவைத்துவிட்டு நகர்கிறோம். எந்தக் குணம், என்ன சித்திரம் என்று ஒரு வரி சொல்ல வேண்டாமா?

எழுதி முடித்ததும் அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். ‘மைக்கேல் மதன காமராஜன்’ பாட்டியும் இவர்தான் என்றதை நம்பவில்லை. யூடியூபில் அந்தக் காட்சியைப் போட்டேன். போனைக் கண்ணுக்குப் பக்கத்தில் கொண்டுபோய்ப் பார்த்தாள்.

“அட களவாணிக் கெழவி! இவதானா அவ?”