கத்தரிக்காய்க்குள் ஒரு மீன்

மாமியாருக்கு எழுபத்தைந்து முடிந்தது. "இட்லி, பொங்கல் எல்லாம் பார்த்தாச்சு. புதுசா எங்கயாவது கூட்டிட்டுப் போங்க மாப்ளே" என்றார். கூட்டிப்போனேன். ஜப்பானிய ஃப்யூஷன் உணவகம். சைவப் பட்டியலில் 'மிசோ கத்தரிக்காய்' என்று ஒன்று. விலை 695 ரூபாய். பி.காம் படித்த புத்தி உடனே கத்தரிக்காய் கிலோ என்ன விலை என்று கணக்குப் போட்டது. அடக்கிக்கொண்டேன்.

இது ஜப்பானின் 'நாசு டெங்காகு'வின் ஒன்றுவிட்ட தம்பி. நாசு என்றால் கத்தரிக்காய். பொய்க்கால் கட்டி ஆடும் பழைய கூத்துக்காரர்களின் ஆட்டத்துக்குப் பெயர்தான் டெங்காகு. குச்சியில் குத்திச் சுட்ட டோஃபு அவர்களைப் போல இருந்ததால் அந்தப் பெயர் அதற்கு வந்து, அப்புறம் கத்தரிக்காய்க்கும் ஒட்டிக்கொண்டது. செய்முறை எளிது. காயை நெடுக இரண்டாகப் பிளந்து, சதையில் கட்டம் கட்டமாகக் கீறி, எண்ணெய் தடவிச் சுட வேண்டும். சோயாவைப் புளிக்கவைத்த மிசோ விழுதைச் சர்க்கரையோடு குழைத்துப் பூசி, மறுபடி கொஞ்சம் காட்ட வேண்டும். அவ்வளவுதான்.

எங்கள் தட்டில் வந்தது வேறு. மேலே மொசரெல்லா, பக்கத்தில் மாங்காய், சுற்றிலும் மிளகாய் மயோனைஸ். கத்தரிக்காயைத் தேடிக் கண்டுபிடிக்க வேண்டியிருந்தது. ஆனாலும் அந்தக் குழம்பில் ஏதோ ஓர் ஆழம். மாமியார் இரண்டு வாய் சாப்பிட்டுவிட்டு, "நல்லாத்தான் இருக்கு, என்ன வாசனை இது?" என்றார்.

பரிமாறியவர் "ப்யூர் வெஜ் சார்" என்றார். செஃப் நேர்மையானவர். வெளியே வந்து, "கொஞ்சம் தாஷித் தூள் போடுவோம்" என்றார். தாஷி என்றால் சாறு. அந்தத் தூளில் இருப்பது பெரும்பாலும் கட்சுவோபுஷி. நம்மூர் பாஷையில் மாசி! சூரை மீனை வேகவைத்து, புகை காட்டி, கட்டையாகும்வரை காயவைப்பது. தூத்துக்குடிக்காரர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

மாமியார் ஒன்றும் சொல்லவில்லை. கரண்டியை வைத்துவிட்டார். இரவு வெறும் மோர் மட்டும் குடித்தார்.

"அதை எடுத்துட்டா ஒரிஜினல் டேஸ்ட் போயிடும் சார்" என்றார் செஃப். இங்கேதான் எனக்கும் அவருக்கும் தகராறு. மொசரெல்லா போட்டபோது போகாத ஒரிஜினல், மாங்காய் போட்டபோது போகாத ஒரிஜினல், மீனை எடுத்தால் மட்டும் போய்விடுமா? ஃப்யூஷன் என்பது மாற்றுகிற சுதந்திரம். தேவையில்லாத இடத்தில் எல்லாம் மாற்றிவிட்டு, மாற்றியே ஆக வேண்டிய ஒரே இடத்தில் மரபைப் பிடித்துக்கொண்டால் அது சோம்பேறித்தனம்.

இத்தனைக்கும் விடை ஜப்பானிலேயே இருக்கிறது. அங்குள்ள புத்த மடங்களின் 'ஷோஜின்' சமையலில் மீன் கிடையாது. கொம்பு என்ற கடற்பாசியும் (மாட்டுக்கொம்பு இல்லை) உலர்ந்த ஷிடாகே காளானும்தான் சாறுக்கு. 1908ல் இகேடா என்ற விஞ்ஞானி, உமாமி என்று அவர் பெயரிட்ட ருசியைக் கண்டுபிடித்ததே இந்தக் கொம்பில்தான். மீனுக்கு அங்கே வேலையே இல்லை.

வீட்டில் செய்து பார்த்தேன். மிசோ இப்போது பெருநகரக் கடைகளில் கிடைக்கிறது. வாங்கும்போது பச்சைப் புள்ளியைப் பாருங்கள். தாஷி கலந்தே விற்கிற மிசோவும் உண்டு. கத்தரிக்காயை 200 டிகிரியில் அரைமணி நேரம், சதை வெண்ணெயாகும்வரை வாட்டினேன். இரண்டு ஸ்பூன் மிசோ, ஒரு ஸ்பூன் சர்க்கரை, கொஞ்சம் வெந்நீர் சேர்த்துக் குழைத்துக் கடைசி நான்கு நிமிஷத்துக்கு மட்டும் பூசினேன். முன்னாலேயே பூசினால் கருகிக் கசக்கும். உப்பு போடவே கூடாது, மிசோவே உப்புதான். மேலே வறுத்த எள், நாலு சொட்டு எலுமிச்சை. என் பங்கு ஃப்யூஷன் அந்த எலுமிச்சை மட்டும்தான். கத்தரிக்காய் கத்தரிக்காயாகவே இருந்தது.

மாமியாரிடம் மிசோ பாக்கெட்டையும் சேர்த்தே நீட்டினேன். கண்ணாடி போட்டு, பொடி எழுத்தையெல்லாம் படித்து முடித்த பிறகுதான் ஒரு வாய் எடுத்தார்.

"எண்ணெய்க் கத்தரிக்காய் அளவுக்கு இல்ல" என்றார். இன்னொரு துண்டும் கேட்டார்.

ருசி சுமாராக இருந்தால் மன்னித்துவிடலாம். ஒருவர் எழுபத்தைந்து வருஷமாகக் காப்பாற்றிய ஒன்றை ஒரு ஸ்பூன் தூளில் கரைப்பதற்கு எந்த செஃபுக்கும் உரிமை இல்லை.