கேமராவுக்குப் பின்னால் ஒரு தும்மல்

மிசௌரியில் ஒரு சாலை. மேகம் கறுத்துத் திரண்டிருக்கிறது, கேமரா காத்திருக்கிறது. சட்டென்று மின்னல் வெட்ட, பின்னாலிருந்து ஒரு பெண் மூச்சை இழுத்துக்கொள்வது கேட்கிறது. பிறகு இரண்டு தும்மல். படமும் இரண்டு முறை குலுங்குகிறது. ‘கேமராபெர்சன்’ (2016) ஆவணப்படத்தின் ஆரம்பக் காட்சிகளில் ஒன்று இது. வேறொருவர் வெட்டி எறிந்திருக்கக்கூடிய அந்தத் தும்மலை விடாமல் பிடித்துக்கொள்ளுங்கள். இந்தப் படத்துக்குள் நுழைய அதுதான் வாசல்.

தும்மியவர் கிர்ஸ்டன் ஜான்சன், அமெரிக்க ஒளிப்பதிவாளர். ‘ஃபாரன்ஹீட் 9/11’, ‘சிட்டிசன்ஃபோர்’ என 25 ஆண்டுகள் பிறருடைய படங்களுக்காகக் கேமரா சுமந்தவர். அப்படி எடுத்தவற்றோடு தன் வீட்டுக் காட்சிகளையும் கோத்து, இதுவே என் வாழ்க்கைக் குறிப்பு என்று முன்வைத்தார். விளக்கிச் சொல்லும் பின்னணிக் குரல் கிடையாது, ஊர்ப் பெயர் மட்டும் வரும். கதையைத் தேடினால் சீக்கிரமே அலுத்துவிடும். ஹெட்போன் மாட்டிக்கொண்டு, திரையில் தெரியாத அந்த ஒருவரைத் தேடுங்கள். காட்சியை மறைக்கும் புல்லை அவர் கை நீண்டு பிடுங்குவதைக்கூடப் பார்ப்பீர்கள்.

போஸ்னியாவின் ஃபோச்சாவில் ஒரு சின்னக் குழந்தை கோடரியை வைத்து விளையாடுகிறது. பின்னாலிருந்து குரல் பதறுகிறது, ஆனால் கேமரா இறங்கவில்லை. எத்தனை முறை பார்த்தாலும் இந்த இடத்தில் எனக்கு வயிற்றைப் பிசைகிறது. ஓடிப்போய்ப் பிடுங்க வேண்டாமா? அவசரப்பட்டுத் தீர்ப்புச் சொல்லிவிடாதீர்கள். நைஜீரியாவின் கானோவில், மூச்சுக்குத் திணறும் சிசுவின் அருகே அதே கேமரா நிற்கும்போது இந்தக் கேள்வி இன்னும் கனத்துத் திரும்பி வரும். காபூலில் ஒரு கண் பார்வை இழந்த சிறுவன் பேசுகையில், மொழி புரியாமலே பின்னால் அழுவதும் இவர்தான்.

இரண்டாம் முறை பார்க்கும்போது அம்மா வரும் காட்சிகளில் நிதானியுங்கள். அல்சைமர் நோயால் நினைவு உதிர்ந்துகொண்டிருக்கும் அம்மா, வயோமிங்கின் காற்றில் நிற்கிறார். உலகத்தையே படமெடுத்த மகள், அம்மாவை எடுக்கத் தொடங்கியபோது நோய் முந்திக்கொண்டிருந்தது.

இதைப் பார்த்த சூட்டோடு ‘டிக் ஜான்சன் இஸ் டெட்’ (2020) பாருங்கள். அப்பாவுக்கும் மறதி நோய். இந்த முறை மகள் காத்திருக்கவில்லை. அப்பா உயிரோடு இருக்கும்போதே அவருடைய சாவை விதவிதமாக நடிக்கவைத்து எடுக்கிறார். அப்பாவும் சிரித்துக்கொண்டே செத்துச் செத்து எழுகிறார்.