நாலரை மணிப் பிரதோஷத்துக்குக் காலையிலேயே பதிவு

ஒரு பதிவை இன்றே எழுதிவைத்து, அடுத்த வாரம் தானாக வெளியாகும்படி நேரம் குறிக்கும் வசதி கடைக்காரர்களுக்கும் விளம்பரக்காரர்களுக்கும்தான் என்று பலர் நினைக்கிறார்கள். முகநூலில் ஊர்ப் பக்கம் நடத்துகிறவர்களுக்கு அது அவர்களைவிட நன்றாகப் பொருந்தும் என்பது என் எண்ணம். ஊருக்கு ஒரு பஞ்சாங்கம் இருக்கிறது. கடைக்கு அது இல்லை.

மேலூர் வட்டத்துத் திருவாதவூரையே எடுத்துக்கொள்ளுங்கள். மாணிக்கவாசகர் அவதரித்த ஊர். திருமறைநாதர் கோயிலில் மாதம் இரண்டு பிரதோஷம். ஆனி மகத்தில் மாணிக்கவாசகர் குருபூஜை. வைகாசியில் சுவாமி மேலூருக்கு எழுந்தருளும் மாங்கொட்டைத் திருவிழா. ஆவணி மூலத்தில் பிட்டுக்கு மண் சுமந்த லீலைக்காக மாணிக்கவாசகர் இங்கிருந்து மதுரைக்குப் போகிறார். சனீஸ்வரனுக்கு வாத நோய் நீங்கிய தலம் என்பதால் சனிக்கிழமைகளில் வெளியூர்க்காரர்களும் வருவார்கள். இத்தனைக்கும் தேதி முன்பே தெரியும். ஆனால் அன்றன்றைக்கு, பக்கத்தைப் பார்த்துக்கொள்ளும் பையன்கள் பந்தல் வேலையில் நிற்பார்கள், அல்லது மதுரையில் வேலைக்குப் போயிருப்பார்கள். ‘பிரதோஷம் சிறப்பாக நடந்தது’ என்று இரவு ஒன்பது மணிக்குப் படம் வரும். வர நினைத்தவருக்கு அதனால் என்ன பயன்?

நேரம் குறிக்கும் வசதி இந்தக் குறையைத் தீர்க்குமா என்று பார்க்கத்தான் எங்கள் ஊர்ப் பக்கத்துக்கு அதைத் தரும் செயலிகளைப் பயன்படுத்திப் பார்த்தேன்.

முதலில் மெட்டா பிசினஸ் சூட். காசு கிடையாது. முகநூல் பக்கத்தையும் இன்ஸ்டாகிராம் கணக்கையும் இணைத்துவிட்டால் ஒரே இடத்தில் எழுதி இரண்டிலும் போடலாம். பதிவு, ரீல்ஸ், ஸ்டோரி எதற்கும் நேரம் குறிக்கலாம். எழுதி முடித்ததும் ‘வெளியிடு’ என்பதற்குப் பதில் ‘ஷெட்யூல்’ என்பதைத் தேர்ந்து, தேதியும் மணியும் கொடுத்தால் முடிந்தது. அதன்பின் பதிவு மெட்டாவின் சர்வரில் காத்திருக்கும். நம் கைப்பேசி அணைந்திருந்தாலும், கரண்ட் போயிருந்தாலும், நேரம் வந்ததும் வெளியாகிவிடும். சிக்னல் நன்றாக இருக்கும் அதிகாலையில் படங்களை ஏற்றிவிட்டு, கூட்டம் சேர்ந்து இணையம் திணறும் சாயங்காலத்தைப் பற்றிக் கவலைப்படாமல் இருக்கலாம். கிராமத்திலிருந்து பக்கம் நடத்துகிறவருக்கு இதைவிடப் பெரிய உதவி இல்லை.

கணினியில் திறந்தால் பிளானர் என்ற பகுதியில் மாதம் முழுவதும் கட்டம் கட்டமாகத் தெரிகிறது. எந்த நாள் காலியாக இருக்கிறது, எந்த நாளில் இரண்டு பதிவு மோதுகிறது என்று ஒரே பார்வையில் புரியும். தேதி மாறினால் பதிவைப் பிடித்து அடுத்த கட்டத்துக்கு இழுத்துவிடலாம். கைப்பேசியில் இந்த வசதி நெருக்கடியாகத்தான் இருக்கிறது. இரண்டு வாரத்துக்கு ஒருமுறை யாராவது ஒருவருடைய கணினியில் உட்கார்ந்து வேலையை முடிப்பது நல்லது. இன்ஸ்டாகிராம் மட்டும் போதும் என்றால் அந்தச் செயலிக்குள்ளேயே நேரம் குறிக்கலாம். 75 நாள் வரை முன்கூட்டியே, ஒரு நாளுக்கு 25 பதிவு வரை. ஆனால் கணக்கை முதலில் புரொஃபஷனல் கணக்காக மாற்ற வேண்டும்.

எந்த நேரம் குறிப்பது என்பதில்தான் நிதானம் வேண்டும். நம்மைப் பின்தொடர்கிறவர்கள் எப்போது அதிகம் புழங்குகிறார்கள் என்று கணக்கிட்டுச் செயலி ஒரு நேரத்தைச் சொல்லும். நம்மூர்ப் பக்கங்களுக்கு அது பெரும்பாலும் ராத்திரி நேரமாகவே வரும். பிரதோஷ வேளையோ மாலை நாலரை முதல் ஆறு. செயலி சொல்வதைக் கேட்டால் பூஜை முடிந்து நடை சாத்திய பிறகு அழைப்பு போகும். பிரதோஷத்துக்குக் காலை ஏழு மணிப் பதிவுதான் சரி. மேலூர்ச் சந்தைக்கோ மதுரைக்கோ கிளம்புகிறவர் அதைப் பார்த்துவிட்டுச் சாயங்காலம் திரும்பும் வழியில் கோயிலுக்கு வர முடியும். சிங்கப்பூரில் இருக்கும் நம் பிள்ளைகளுக்கு அப்போது மணி ஒன்பதரை, துபாயில் ஐந்தரை. இரண்டு பக்கமும் பழுதில்லாத நேரம் அது.

நள்ளிரவு இன்னொரு சிக்கல். நமக்கு நாள் என்பது சூரிய உதயத்தில் பிறக்கிறது. செயலிக்கு இரவு பன்னிரண்டு மணிக்கே தேதி மாறிவிடுகிறது. 2025 மகா சிவராத்திரி பிப்ரவரி 26, புதன்கிழமை. அன்றிரவு நான்காம் காலப் பூஜைக்கு ஒரு நினைவூட்டல் போட நினைத்து, தேதி 26, மணி அதிகாலை மூன்று என்று குறித்தால் அது முந்தைய இரவே வெளியாகிவிடும். 27 என்று குறிக்க வேண்டும். பன்னிரண்டு மணிக்கு ஏஎம் போட்டால் நள்ளிரவு, பிஎம் போட்டால் நண்பகல் என்பதையும் பையன்களுக்கு ஒருமுறை சொல்லிக்கொடுத்துவிடுங்கள்.

எந்தப் பஞ்சாங்கம் என்பதையும் கேட்டுக்கொள்ள வேண்டும். திருக்கணிதப்படி சனிப்பெயர்ச்சி 2025 மார்ச் 29; வாக்கியப்படி 2026 மார்ச் 6. ஏறக்குறைய ஒரு வருட வித்தியாசம். சனிக்குப் பேர்போன ஊரில் இருந்துகொண்டு, இணையத்தில் முதலில் கண்ணில் பட்ட தேதியை எடுத்து நேரம் குறித்தால் வெளியூரிலிருந்து வண்டி பிடித்து வருகிறவர்கள் ஏமாந்துபோவார்கள். கோயில் குருக்களிடம் கேட்டுவிட்டுத்தான் பிளானரைத் தொட வேண்டும்.

எழுதும்போது நேரத்தையும் இடத்தையும் முதல் வரியிலேயே வையுங்கள். நீளமான பதிவைச் செயலிகள் பாதியில் வெட்டி ‘மேலும்’ என்று போட்டுவிடும். எக்ஸ் தளத்தில் 280 என்பது தமிழுக்குச் சுருங்கிவிடுகிறது; கொம்பு, கால், புள்ளி எல்லாவற்றையும் அது தனித்தனியாக எண்ணுகிறது. ‘திருவாதவூர்’ நம் கணக்கில் ஆறு எழுத்து, அதன் கணக்கில் பதினொன்று.

யூடியூபில் நேரம் குறிப்பதற்கு வேறொரு லாபம் உண்டு. வீடியோவை ஏற்றியதும் முதலில் குறைந்த தரத்தில்தான் தயாராகும். எச்டி வரக் கொஞ்ச நேரம் பிடிக்கும். உடனே வெளியிட்டால் முதலில் பார்க்கிறவர்களுக்குக் கலங்கலாகத் தெரியும். முந்தைய இரவே ஏற்றி, யூடியூப் ஸ்டுடியோவில் நேரம் குறித்துவிட்டால் அதுவரை அது பிரைவேட்டாக இருக்கும். வெளியாகும்போது முழுத் தரத்தில் வரும். சுவாமி புறப்பாட்டின் அலங்காரத்தைத் துலக்கமாகப் பார்க்க வேண்டுமென்றால் இந்த ஓரிரவு பொறுமை அவசியம்.

ஆனால் ஊர் உண்மையில் படிப்பது வாட்ஸ்அப்பை. நம் பெரியம்மாக்களும் சித்தப்பாக்களும் இருக்கும் இடம் அதுதான். இதை எழுதும்போது என் கைப்பேசியில் உள்ள வாட்ஸ்அப்பில் குழுவுக்கு நேரம் குறித்து அனுப்பும் வசதி இல்லை. டெலிகிராமில் 2019 முதலே இருக்கிறது. அனுப்பும் பொத்தானை அழுத்திப் பிடித்தால் போதும், ஒரு வருடம் வரை முன்கூட்டியே குறிக்கலாம். வாட்ஸ்அப்புக்கு அதைச் செய்து தருகிறோம் என்று பிளே ஸ்டோரில் சில செயலிகள் அழைக்கின்றன. அவை நமக்குப் பதிலாகத் திரையைத் தொட்டு அனுப்புகின்றன. அதற்காக அக்சசிபிலிட்டி அனுமதி கேட்கும், சில திரைப்பூட்டையும் எடுத்துவிடச் சொல்லும். அந்த அனுமதி கிடைத்த செயலியால் திரையில் தெரிவதையெல்லாம் படிக்க முடியும். அதே கைப்பேசியில்தான் ஜிபேயும் வங்கிச் செயலியும் இருக்கின்றன. வேண்டவே வேண்டாம். முகநூலில் காலை ஏழுக்கு வெளியான பதிவின் இணைப்பைக் கையால் குழுவில் போடுங்கள். அரை நிமிட வேலை.

எதை நேரம் குறிக்கக் கூடாது என்பதும் முக்கியம். பெரியாறு பிரதானக் கால்வாயில் ஒருபோகப் பாசனத்துக்குத் தண்ணீர் திறப்பதை அணையின் இருப்பும் அரசாணையும்தான் முடிவு செய்கின்றன. 85,563 ஏக்கர் அதை நம்பியிருக்கிறது. வழக்கமான தேதியை வைத்து ‘நாளை தண்ணீர்’ என்று முன்பே எழுதிவைப்பது, நாற்றங்கால் போடுகிறவருக்குச் செய்யும் கேடு. அதுபோலவே, ஆவணி மூலத்துக்கு மாணிக்கவாசகர் மதுரைக்குப் போகும் வழியில் மண்டகப்படிக்கு மண்டகப்படி நேரம் தள்ளிக்கொண்டே போகும். ‘இப்போது இங்கே இருக்கிறார்’ என்பதைக் கூடவே நடக்கிறவர்தான் போட வேண்டும்.

திடீரென்று ஊரே வேறு மனநிலைக்குப் போய்விடும் நாள்களும் உண்டு. 2025 ஜனவரி 7 அன்று டங்ஸ்டன் சுரங்கத்தை எதிர்த்து மேலூர்ப் பகுதி மக்கள் மதுரைக்குத் திரண்டு நடந்தார்கள். அந்த மாதம் 23ஆம் தேதி அந்தச் சுரங்கத்துக்கான ஏலம் ரத்தாகும்வரை இங்கே வேறு பேச்சே இல்லை. அப்படிப்பட்ட நாளில், போன மாதம் குறித்துவைத்த வாழ்த்துப் பதிவு சிரித்த முகத்தோடு வந்து நின்றால் படிக்கிறவர் மனம் புண்படும். ஊரில் துக்கம் விழுந்தாலும் அப்படித்தான். அப்படிப்பட்ட நாளுக்காக, பஃபர் என்ற செயலியில் வரிசை முழுவதையும் நிறுத்திவைக்கும் வசதி இருக்கிறது. அதன் காசில்லாத திட்டத்தில் மூன்று கணக்கு, ஒவ்வொன்றிலும் பத்துப் பதிவு. மெட்டாவில் ஒவ்வொரு பதிவாகத் திறந்துதான் மாற்ற வேண்டியிருக்கிறது. நம் தமிழ்நாட்டு நிறுவனமான ஜோகோவின் ஜோகோ சோஷியலில், சந்தா கட்டினால், ஒருவர் எழுதி மற்றவர் ஒப்புதல் தந்த பிறகே வெளியாகும்படி வைக்கலாம். ஆனால் ஒரு ஊர்ப் பக்கம் அதற்காக மாதாமாதம் பணம் கட்ட வேண்டியதில்லை.

என் பரிந்துரை, மெட்டா பிசினஸ் சூட்டும் யூடியூப் ஸ்டுடியோவும் போதும். இரண்டு வாரத்துக்கு மேல் எதையும் குறிக்காதீர்கள். கடவுச்சொல்லைப் பகிராமல், பக்கத்தின் அமைப்பில் போய் இரண்டு பேருக்காவது அவரவர் கணக்கிலிருந்தே நிர்வகிக்கும் உரிமை கொடுங்கள். அதில் ஒருவர் ஊரிலேயே இருப்பவராக இருக்கட்டும். துபாயில் இருக்கும் தம்பி எழுதிவைத்ததை, தெருவில் சங்கு ஊதுவதைக் கேட்கிறவரால் உடனே நிறுத்த முடிய வேண்டும்.