வலுவற்றவரின் வீரம்: ஒரு கொரிய நாடகத்தில் நட்பும் பகையும்

தென்கொரியாவில் 2022ஆம் ஆண்டு நவம்பரில், ‘வேவ்’ இணையத் திரைத்தளத்தில் எட்டுப் பாகங்களாக வெளியான ‘வீக் ஹீரோ: கிளாஸ் 1’ என்னும் தொடர்நாடகம் மாணாக்கரின் அடிதடியைப் பொருளாகக் கொண்டதென்றே பொதுவாகக் கருதப்படுகின்றது. அடிதடி அதன் புறத்தோற்றமாகும். காப்பாற்றப்பட்டவன், காப்பாற்றியவனுக்குச் சமமாக நிற்க இயலாதபோது நட்பு என்னாகின்றது என்பதே அதன் உட்பொருளெனலாம்.

செஓபாஸ் எழுத, கிம் ஜின்சொக் வரைந்த இணையச் சித்திரக்கதையே இதன் மூலம். அங்கு நாயகன் எதிரிகளை ஒருவர்பின் ஒருவராக வெல்கின்றான். அவன் இழந்த நண்பனின் கதை கடந்தகால நினைவாக மட்டுமே இடம்பெறுகின்றது. இயக்குநர் யூ சுமின் அந்நினைவையே முழு நாடகமாக விரித்தார். இத்தேர்வினால் வீரகதை துன்பியலாக மாறிற்று.

மூவரைச் சுற்றியே கதை இயங்குகின்றது. சியுன் வகுப்பின் முதல் மாணவன், உடல்வலு அற்றவன், பேனையையும் புத்தகத்தையும் ஆயுதமாக்குபவன். சுஹோ மோதலில் வல்லவன். பகுதிநேர வேலையால் களைத்து வகுப்பில் உறங்குபவன். பொம்சொக் பாராளுமன்ற உறுப்பினரின் வளர்ப்பு மகன். வீட்டில் அத்தந்தையாலேயே அடிக்கப்படுபவன்.

இவர்களுள் பொம்சொக்கே ஆழமான படைப்பு. ஹொங் கியொங்கின் அடக்கமான நடிப்பு அதற்குத் துணைநிற்கின்றது. நண்பர்களுக்கு அவனால் கொடுக்கக்கூடியது பணம் ஒன்றே. அவன் வேண்டுவதோ மதிப்பு. இன்ஸ்டகிராமில் தான் சுஹோவைப் பின்தொடர, சுஹோ தன்னைப் பின்தொடராமையை அவன் அவமதிப்பாகக் கொள்கின்றான். அற்பமெனத் தோன்றும் இந்நிகழ்ச்சி, அன்பைக் கேட்டுப் பெறும் உரிமையே தனக்கில்லை என நம்ப வளர்க்கப்பட்ட ஒருவனின் உள்ளத்தைக் காட்டுகின்றது. தந்தையிடம் கற்ற அதிகார மொழியையே அவன் ஈற்றில் நண்பன்மீது பிரயோகிக்கின்றான். சுஹோ நினைவிழந்த நிலையில் வைத்தியசாலையில் கிடக்கின்றான்.

நாடகத்தின் குறைபாடும் இங்கேதான் உள்ளது. பரீட்சைப் போட்டியும் பணமும் பதவியும் இளைஞரை எவ்வாறு உருவாக்குகின்றன என்னும் வினாவை எழுப்பிய நாடகம், விடையைக் கொடிய தந்தை ஒருவரிடத்தே பெரும்பாலும் சுருக்கிவிடுகின்றது. மேலும், வன்முறையைக் கண்டிக்கும் அதன் கமெரா, அவ்வன்முறையின் இலாவகத்தில் தானும் மயங்கிவிடுகின்றது. 2025ஆம் ஆண்டு ஏப்ரலில் நெட்பிளிக்ஸில் வெளியான இரண்டாம் தொடரில் இம்மயக்கம் மேலோங்கியது. பகைவர் பெருகினர்; பொம்சொக்கைப் போன்ற ஒரு மனிதன் அங்கு உருவாகவில்லை.

எனினும் முதற்றொடரின் இறுதி நினைவில் நிற்கத்தக்கது. ஏனையோரை வீழ்த்தி வரும் சியுன், பொம்சொக்கின் முன்னே அடிக்க இயலாது நிற்கின்றான். எதிரியை வெல்லும் வழிகளையெல்லாம் கணக்கிட்டறிந்த அவனுக்கு, நண்பனாயிருந்தவனை என்செய்வதென்பது தெரியவில்லை. அடிதடிக் கதையொன்று தன் முட்டி ஓய்ந்த இடத்திலேயே உயர்ந்த கலையாகின்றது.