டிரான்ஸ்மிட்டரைக் கணினியில் செருகும் சுகம்

கணினியின் பறப்பு சிமுலேட்டரில் பழக, மாதிரி விமானம் ஓட்டும் டிரான்ஸ்மிட்டரை யூஎஸ்பி கேபிளால் கணினியோடு இணைத்ததும், எட்ஜ்டிஎக்ஸ் மென்பொருள் உள்ள கருவியானால் அதன் சின்னத் திரை கேட்கும்: ஜாய்ஸ்டிக்கா, சேமிப்பகமா? ஜாய்ஸ்டிக் என்றால் போதும். அடுத்து சிமுலேட்டரில் அளவுதிருத்தம். பலர் அவசரமாகத் தாண்டிப்போகும் இந்தக் கட்டம்தான் எனக்கு மிகப் பிடித்தது. இரண்டு குச்சிகளையும் மூலைக்கு மூலை மெதுவாகச் சுழற்ற வேண்டும். வேகக் குச்சி இடப்பக்கம் இருக்கும் மோட் 2 கருவியில், வலது குச்சியை விட்டதும் ஸ்பிரிங் அதை நடுவுக்கு இழுத்துக்கொள்ளும். வேகம் கூட்டும் இடது குச்சிக்கு மேலும் கீழுமாக அந்த இழுப்பு இல்லை. பல கருவிகளில் மெல்லிய கிரிக் கிரிக் ஒலியோடு நகர்ந்து, வைத்த இடத்தில் நிற்கும். கணினித் திரையில் பட்டைகள் விரலோடு சேர்ந்தே ஏறி இறங்கும்.

பிறகு சிமுலேட்டரில் பறப்பு. மைதானத்தில் பிடிக்கப்போகும் அதே எடை, அதே குச்சிகள். விரல் கற்பது எதுவும் வீண்போகாது. விமானம் நம்மை நோக்கி வரும்போது இடவலம் மாறித் தெரியும். தாழ்ந்த இறக்கையின் பக்கம் குச்சியைத் தள்ளினால் நிமிரும். யோசிக்காமல் விரலே இதைச் செய்யும்வரை பொறுமை வேண்டும். பால்சா மர விமானம் தரையில் மோதி உடையும் சத்தத்தைக் கேட்டவர்களுக்கு அந்தப் பொறுமையின் அருமை தெரியும். புதிதாகத் தொடங்குகிறவர்கள் விமானத்துக்கு முன்னால் டிரான்ஸ்மிட்டரை வாங்குங்கள்.