மகனைவிட இளைய அம்மாக்கள்

1975இல் வந்த 'அபூர்வ ராகங்க'ளில் ஸ்ரீவித்யா, வளர்ந்த பெண்ணுக்குத் தாயான பாடகி பைரவி. அப்போது அவருக்கு வயது 22. அவரைக் காதலிக்கும் இளைஞன் கமல். விட்டுப்போய்த் திரும்பிவரும் கணவன் ரஜினி. 1989இல் 'அபூர்வ சகோதரர்கள்' வந்தபோது அவர் கமலுக்கு அம்மா. 1991இல் 'தளபதி'யில் ரஜினிக்கும் அம்மா. ரஜினியைவிட இரண்டரை வயது இளையவர்!

இதெல்லாம் அவரோடு தொடங்கிய வழக்கமும் அல்ல. 'பராசக்தி'யில் (1952) சிவாஜிக்கு ஜோடியான பண்டரிபாய், 1968இல் 'குடியிருந்த கோயி'லில் தம்மைவிடப் பத்து வயதுக்கு மேல் மூத்த எம்.ஜி.ஆரைப் பெற்றவர் ஆனார். நாயகனுக்கு வயதே ஏறாது. அவனுக்கும் சேர்த்து நடிகைக்கு நரைக்கும்.

அதற்காக அம்மா வேடம் என்றாலே மட்டம் என்று தள்ளிவிட முடியாது. 'தளபதி'யில் ரயில் கூவும்போதெல்லாம் ஸ்ரீவித்யாவின் முகம் மாறுவதைப் பாருங்கள். கூட்ஸ் வண்டியில் விட்டுவிட்ட குழந்தையின் நினைவு, வசனமே தேவையில்லை. ஆனாலும் அந்தத் துயரத்துக்கு மகனைத் தாண்டி ஒரு வாழ்க்கை கிடையாது. கதையையே தோளில் சுமக்கும் உரிமை சிரிக்கவைத்தவருக்குத்தான் வாய்த்தது: 'பாட்டி சொல்லைத் தட்டாதே' (1988) மனோரமா.

தொலைக்காட்சி முந்திக்கொண்டது. வீட்டிலிருக்கும் பெண்கள்தான் அதன் பிழைப்பு. சினிமா அக்கா, அம்மா வேடங்களுக்குக் கூப்பிடும் வயதில், 1999இல், ராதிகா 'சித்தி'யில் நாயகி. தயாரிப்பும் அவருடைய ராடான் நிறுவனமே. 2020இல் விஜய் டிவியில் தொடங்கிய 'பாக்கியலட்சுமி', வளர்ந்த பிள்ளைகள் உள்ள ஒரு இல்லத்தரசி கணவனை விட்டுப் பிரிந்து, சமையலையே தொழிலாக்கிக்கொள்வதைக் காட்டியது. வங்காளத் தொடர் ஒன்றிலிருந்து வந்த கதை. என் குறை ஒன்றுதான்: திங்கட்கிழமை நிமிரும் பாக்கியாவை வெள்ளிக்கிழமைக்குள் அழவைத்தாக வேண்டும். இல்லாவிட்டால் தொடர் ஓடாது.

சினிமாவில் 'தென்மேற்குப் பருவக்காற்று' (2010) வீராயிக்காகச் சரண்யா பெற்ற தேசிய விருது சிறந்த நடிகைக்கானது, துணை நடிகைக்கானது அல்ல. ஆனால் என் கணக்கில் பெரிய உடைப்பு சுரேஷ் மாரியின் 'ஜே பேபி' (2024). ஊர்வசி நடித்த பேபியைப் பார்த்தவுடன் கையெடுத்துக் கும்பிடத் தோன்றாது. மனம் பிசகியவள், வீட்டிலும் தெருவிலும் வம்பு வளர்ப்பவள். பிள்ளைகளுக்கு அவளிடம் பாசமும் உண்டு, அலுப்பும் உண்டு. அவள் காணாமல் போய்க் கொல்கத்தாவில் இருப்பது தெரிந்ததும், பேச்சுவார்த்தை இல்லாத இரண்டு மகன்கள் தேடிப் புறப்படுகிறார்கள். அம்மாவைத் தெய்வமாக்கிய சினிமாவில், பிள்ளைகள் சலித்துக்கொள்ளும் அம்மாவை அவளுடைய மானம் கெடாமல் காட்டுவது லேசுப்பட்ட வேலை இல்லை. 'முந்தானை முடிச்சு' (1983) காலத்துக் குறும்பை ஊர்வசி இங்கே கொஞ்சமும் விடவில்லை. சிரித்துக்கொண்டிருக்கும்போதே நமக்குப் பயமும் வருகிறது.

வயதான பெண்ணின் காதலுக்குத்தான் இன்னும் இடநெருக்கடி. 'பவர் பாண்டி'யில் (2017) ரேவதியின் பூந்தென்றல் அழகான பாத்திரம். ஆனால் கதை ராஜ்கிரணுடையது. ஹலிதா ஷமீமின் 'சில்லுக்கருப்பட்டி'யில் (2019) லீலா சாம்சனின் யசோதா, கல்யாணமே செய்துகொள்ளாதவள், கடலாமைகளைக் காக்க இரவில் கடற்கரைக்குப் போகிறவள். மனைவியை இழந்த ஒருவரோடு அவளுக்கு நட்பு துளிர்க்கிறது. அவளுக்குக் கிடைத்தது நான்கு குறுங்கதைகளில் ஒன்று, படத்தில் கால்வாசி.