தறியின் நேரமும் கடிகார நேரமும்: ‘காஞ்சிவரம்’, ‘கைதி’ திரைப்படங்களில் கெடுவும் பதற்றமும்

ஆய்வுச் சுருக்கம்

குறித்த கெடுவுக்குள் ஒரு செயலை முடித்தாக வேண்டும் என்ற நெருக்கடியால் பார்வையாளரிடம் பதற்றத்தை உருவாக்குவது திரைப்படக்கலையின் பழமையான உத்திகளுள் ஒன்று. தமிழில் இவ்வுத்தி பெரும்பாலும் குற்றப்படங்கள், துரத்தல் படங்கள் ஆகியவற்றோடு மட்டும் சேர்த்துப் பேசப்படுகிறது. பட்டு நெசவாளர் ஒருவரின் வாழ்வைச் சொல்லும் பிரியதர்ஷனின் ‘காஞ்சிவரம்’ படமும் கெடுவை எதிர்த்த ஓட்டத்தின் மீதே கட்டப்பட்டிருக்கிறது என்பதை இக்கட்டுரை நிறுவ முயல்கிறது. லோகேஷ் கனகராஜின் ‘கைதி’ ஒப்பீட்டுக்காகவும், ஆரணி வட்டாரக் கைத்தறியின் வேலைமுறை அளவுகோலாகவும் கொள்ளப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: கெடு, பதற்றம், இணைவெட்டு, கைத்தறி, ஆரணி, காஞ்சிவரம், கைதி.

முன்னுரை

‘காஞ்சிவரம்’ 2007ஆம் ஆண்டுக்கான தேசியத் திரைப்பட விருதுகளில் சிறந்த படம், சிறந்த நடிகர் ஆகிய இரு விருதுகளைப் பெற்றது. அதனைப் பற்றிய உரையாடல்கள் பெரிதும் வறுமை, சுரண்டல், பொதுவுடைமை இயக்கம் என்ற கருப்பொருள்களைச் சுற்றியே நிகழ்கின்றன. அவை தேவையானவைதாம். எனினும், பார்வையாளரை இறுதிவரை இருக்கையில் இருத்தி வைப்பது கருப்பொருள் அன்று. மகளின் திருமணத்துக்குள் சேலை முடியுமா என்ற ஒற்றைக் கேள்வியே. அக்கேள்வியின் கட்டமைப்பு இதுவரை போதிய கவனம் பெறவில்லை.

கடிகாரக் கெடுவின் இலக்கணம்

மேசைக்கு அடியில் வெடிகுண்டு இருப்பதைப் பாத்திரங்கள் அறியாமல் பார்வையாளர் மட்டும் அறிந்திருந்தால், சாதாரண உரையாடலும் தாங்கவியலாத பதற்றமாகிவிடும் என்று ஹிட்ச்காக் விளக்கியது திரைப்பட மாணவர் பலரும் அறிந்ததே. அந்த விளக்கத்தில் அடிக்கடி விடுபடுவது சுவரில் மாட்டியிருக்கும் கடிகாரம். குண்டு எத்தனை மணிக்கு வெடிக்கும் என்பதும், இப்போது மணி என்ன என்பதும் பார்வையாளருக்குத் தெரிந்தாக வேண்டும். ‘அந்த நாள்’ (1954) போன்ற துப்பறியும் படத்தில் ஆர்வம் நடந்து முடிந்த ஒன்றைப் பற்றியது; கொலையாளி யார் என்பதே கேள்வி. கெடுப்படத்தில் ஆர்வம் இனி நடக்கவிருப்பதைப் பற்றியது. எஞ்சியிருப்பது எவ்வளவு என்பதே கேள்வி.

ஆகவே, கெடுப்படத்துக்கு மூன்று அடிப்படைகள் வேண்டும். எல்லை தெரிந்திருக்க வேண்டும். கடந்தது எவ்வளவு என அளக்க ஒரு கருவி வேண்டும். விரைந்தால் வெல்லலாம் என்ற வாய்ப்பு இருக்க வேண்டும். கிரிஃபித்தின் ‘இன்டாலரன்ஸ்’ (1916) படத்தில் தூக்குமேடையும் மன்னிப்பாணையைச் சுமந்துவரும் ஓட்டமும் மாறிமாறிக் காட்டப்படும்போது இம்மூன்றும் தெளிவாக உள்ளன. ‘ஹை நூன்’ (1952) நண்பகல் ரயிலை எல்லையாக்கிச் சுவர்க் கடிகாரங்களை மீண்டும் மீண்டும் காட்டுகிறது. தமிழில் ‘சென்னையில் ஒரு நாள்’ (2013) மாற்று அறுவைக்கான இதயத்தைச் சென்னையிலிருந்து வேலூருக்கு விரையச் செய்கிறது. அங்கே தூரமே கடிகாரம். (சென்னையிலிருந்து வேலூர் செல்லும் நெடுஞ்சாலையில் ஆற்காட்டிலிருந்து தெற்கே பிரிந்தால் ஆரணி. அங்கே நேரம் வேறு கணக்கில் ஓடுகிறது.)

‘கைதி’ (2019) இவ்விலக்கணத்தின் தேர்ந்த எடுத்துக்காட்டு. ஒரே இரவு, பாடல் இல்லை, நஞ்சு கலந்த மதுவால் மயங்கிக் கிடக்கும் காவலர்களைச் சுமந்த ஒரு லாரி, முற்றுகைக்கு உள்ளாகும் ஒரு காவல் அலுவலகம். இவ்விரண்டையும் இணைவெட்டு மாறிமாறிக் காட்டுகிறது. டில்லி வேகத்தை மிதிக்கலாம், வழிமறிப்போரை அடித்து வீழ்த்தலாம். ஒவ்வொரு தடையும் நேரத்தைத் தின்கிறது. ஒவ்வொரு வெற்றியும் அதை மீட்டுத் தருகிறது. நேரம் இங்கே உடல்வலிமையால் வாங்கக்கூடிய பண்டம்.

தறியின் நேரம்

திருவண்ணாமலை மாவட்டத்து ஆரணியிலும், சேவூர், ஒண்ணுபுரம், தேவிகாபுரம் போன்ற சுற்றூர்களிலும் பட்டு நெசவு குடும்பத் தொழில். காஞ்சிபுரத்துச் சேலையைவிட ஆரணிச் சேலை பொதுவாக எடை குறைந்தது என்பர். வேலைமுறையின் அடிப்படை மட்டும் இரண்டு ஊருக்கும் பொது.

இங்கே கூலி மணிக்கணக்கில் இல்லை, சேலைக்கணக்கில். ஒருவர் எத்தனை மணி நேரம் தறியில் உட்கார்ந்தார் என்பதை எவரும் கேட்பதில்லை. சேலை எப்போது ஆகும் என்றே கேட்பர். முகூர்த்த மாதங்களும் தீபாவளியும் கெடு வைக்கின்றன. ஆடி மாதம் சற்றுத் தளர்த்துகிறது. ஆனால் அந்தக் கெடுவுக்குத் தறி எளிதில் வளைந்து கொடுப்பதில்லை. முதலில் பாவு முழுநீளத்துக்கும் ஆயத்தமாக வேண்டும். விடியலில் தெருவில் பாவை நீட்டி, கஞ்சி கொடுத்து, அறுந்த இழைகளை முடிந்து, உலரவிட்டுச் சுருட்ட வேண்டும். மழை வந்தால் அன்று தெரு இல்லை. தொடர்மழையில் தறிக்குழியில் ஈரம் ஊறும். இழை விறைப்பு மாறும். புதுப்பாவின் ஆயிரக்கணக்கான இழைகளைப் பழம்பாவின் முனைகளோடு ஒவ்வொன்றாகப் பிணைக்க வேண்டும். அதன் பிறகே ஊடை. உடலும் கரையும் வெவ்வேறு நிறமாகக் கோர்வை போட்டால் எதிர்ப்புறம் நாடா தள்ள இன்னொருவர் வேண்டும்.

அவசரப்பட்டால் என்ன ஆகும்? இழை அறும், அல்லது அடி சீராக விழாது, நெருக்கமும் தளர்வும் துணியில் பட்டைபட்டையாகத் தெரியும். தறியில் விரைவு குற்றமாகவே பதிவாகிறது. மேற்சொன்ன மூன்று அடிப்படைகளில் முதலிரண்டும் தறியில் உண்டு. எல்லை முகூர்த்தம், அளவுகோல் சுருட்டுக்கட்டையில் ஏறும் துணி. மூன்றாவது இல்லை. விரைந்து வெல்ல முடியாத ஓட்டத்தைத் திரைப்படம் எவ்வாறு பதற்றமாக்கும் என்பதே ‘காஞ்சிவரம்’ எதிர்கொண்ட சிக்கல்.

வாயில் அடங்கும் நூல்

தன் மனைவிக்குப் பட்டு உடுத்த இயலாத வேங்கடம், மகளைப் பட்டுச் சேலையில் மணம் முடித்து அனுப்புவதாக அவள் குழந்தையாக இருக்கும்போதே ஊரறிய வாக்குக் கொடுக்கிறான். சேமித்த பணம் உறவுக்காகக் கரைந்ததும், முதலாளியின் தறிக்கூடத்திலிருந்து பட்டிழைகளை வாய்க்குள் ஒளித்து எடுத்துவந்து, மாட்டுக்கொட்டிலில் மறைவாக நெய்யத் தொடங்குகிறான். கெடு ஓராண்டு ஈராண்டு அன்று; ஒரு பெண்குழந்தை மணப்பருவம் எய்தும் காலம்.

இவ்வளவு நீண்ட கெடுவை இறுக்கமாக்குவது வாய் என்ற அளவுகோல்தான். ஒரு நாளில் எடுக்கக்கூடியது ஒரு வாய் நூல். வலிமையோ துணிச்சலோ அதைக் கூட்டாது. கூடுதலாக அடக்கினால் வாசலில் பேச முடியாது. பேச முடியாவிட்டால் பிடிபடுவான். நூலை அடக்கிய வாய் பேச்சை இழக்கிறது என்ற இந்த இணைப்பு, பிரகாஷ்ராஜின் முகத்தைப் பதற்றத்தின் களமாக்குகிறது. சோதனைக்கு நிற்கும் அவ்வசைவற்ற சில நொடிகள், துரத்தல் காட்சிகள் தரும் அழுத்தத்துக்குக் குறைந்தவை அல்ல.

இப்படத்தைப் பார்க்கும் ஆரணித் தறிக்காரர் ஒருவர் எழுப்பக்கூடிய ஐயங்கள் உண்டு. வீட்டுத் தறிக்கு நூல் எடைபோட்டுக் கொடுக்கப்படுகிறது. முடிந்த சேலையும் எடைபோட்டே வாங்கப்படுகிறது. கழிவு போகக் கணக்கு நேராக வேண்டும். உடலைச் சோதிப்பதைவிடத் தராசு கூர்மையான காவல். மேலும், பாவு முழுமையாக அமையாமல் ஊடை தொடங்காது. சிறிது சிறிதாகத் திருடிச் சிறிது சிறிதாக நெய்வது தொழில்முறையில் எளிதன்று. படம் இவ்வையங்களைத் தன் மையமாகக் கொள்ளவில்லை. கூடம் என்ற களத்தைத் தேர்ந்ததால் தராசின் இடத்தை வாசற்காவலுக்கு அளித்திருக்கிறது. இது தகவல் பிழை என்பதினும், காட்சிக்காகச் செய்துகொண்ட தேர்வு எனலாம். ஆனால் அத்தேர்வால் ஓர் இழப்பும் உண்டு. எவ்வளவு நூல் சேர்ந்தது, இன்னும் எவ்வளவு வேண்டும் என்ற கணக்கு பார்வையாளருக்குக் கிடைப்பதில்லை. நெசவாளர் வாழ்வில் ஓயாது ஒலிக்கும் அந்தக் கணக்கு படத்தில் ஒலித்திருந்தால் பதற்றம் இன்னும் கூடியிருக்கும்.

கெடுவும் வேலைநிறுத்தமும்

வழக்கமான கெடுப்படத்தில் கடிகாரம் நாயகனைச் சமூகத்தின் பக்கம் நிறுத்துகிறது. அவன் விரைந்தால் பிறர் பிழைப்பர். ‘காஞ்சிவரம்’ இதைத் தலைகீழாக்குகிறது. பொதுவுடைமைக் கருத்துகளால் ஈர்க்கப்பட்டுக் கூலி உயர்வுக்கான போராட்டத்துக்குத் தலைமையேற்கும் வேங்கடம், வேலைநிறுத்தம் நீளும்போது ஒரு பொறியில் அகப்படுகிறான். தறி நின்றால் நூல் இல்லை. நூல் இல்லையேல் சேலை இல்லை. இதற்கிடையே மாப்பிள்ளையாக வரவிருக்கும் நண்பனின் மகன் படையிலிருந்து விடுப்பில் வருகிறான், முகூர்த்தம் நெருங்குகிறது. போராட்டத்தின் நேரமும் முகூர்த்தத்தின் நேரமும் ஒன்றையொன்று வெட்டுகின்றன. வேங்கடம் வேலைக்குத் திரும்பலாம் என்று தோழர்களிடம் வாதிடுகிறான்.

படத்தின் மிகக் கூர்மையான இடம் இது. வேலைநிறுத்தம் என்பதும் நேரத்தை ஆயுதமாக்குவதுதான். யார் அதிக நாள் தாங்குவர் என்பதே அதன் விதி. முதலாளியின் கையிருப்பு அவர் தாங்கும் நாள்களைக் கூட்டுகிறது. தொழிலாளியின் வீட்டுக் கெடு ஒவ்வொன்றும் அவன் தாங்கும் நாள்களைக் குறைக்கிறது. பட்டு நெய்பவன் பட்டு உடுத்த முடியாது என்ற முரண்நிலை படத்தின் வெளிப்படையான செய்தி. அதனினும் ஆழமானது, அம்முரணைக் கடக்க அவன் தனியாக மேற்கொள்ளும் முயற்சியே கூட்டு முயற்சியை முறிக்கிறது என்பது. வேங்கடத்தைத் துரோகி என்று ஒதுக்கவும் முடியவில்லை. தந்தை என்று மன்னிக்கவும் முடியவில்லை. பார்வையாளர் அந்நேரத்தில் சேலை முடிய வேண்டும் என்று விரும்பிக்கொண்டிருப்பதால், போராட்டம் முடிய வேண்டும் என்றும் அறியாமலே விரும்பிவிடுகிறார். பதற்றம் என்ற உத்தி பார்வையாளரையும் உடந்தையாக்குகிறது.

இதற்குப் பின் படம் தளர்கிறது. வேங்கடம் பிடிபடுவது கதையின் உள்ளிருந்தே எழுகிறது. மகள் கிணற்றில் விழுந்து உடல் செயலிழப்பது அவ்வாறன்று. கெடுவோடு தொடர்பற்ற விபத்து அது. நூலால் இறுகிய முடிச்சைப் படம் விபத்தால் அறுத்துவிடுகிறது என்ற குறையை மறுப்பது கடினம்.

இரு கைதிகள்

‘காஞ்சிவரம்’ படத்தின் சட்டகக் கதை 1948இல் நிகழ்கிறது. மழை பெய்யும் இரவு, பேருந்து, காவலர்களிடையே கைதியாக வேங்கடம், குறுகிய விடுப்பில் மகளைக் காணச் செல்கிறான். ‘கைதி’யிலும் இரவு; லாரி; காவலர்கள்; சிறைமீண்ட தந்தை; இதுவரை காணாத மகள். இரு தந்தையரும் மகளுக்கென ஒரு பொருளை வைத்திருக்கின்றனர். டில்லியிடம் ஜிமிக்கி, வேங்கடத்துக்குக் கொட்டிலில் கிடக்கும் பாதிச் சேலை. இவ்வொப்புமை தற்செயலாக இருக்கலாம். ஆனால் வேறுபாடு வாகனங்களின் வேகத்தில் தெரிகிறது. டில்லி ஓட்டுநர் இருக்கையில் இருக்கிறான். நேரம் அவன் காலடியில். வேங்கடம் பயணி, மழையில் ஊரும் பேருந்தை விரைவாக்க அவனால் இயலாது. தறியில் இருந்த அதே நிலைதான் பேருந்திலும்.

முடிவு முன்பே தெரிவதால் பதற்றம் குறைகிறது என்று வாதிடலாம். விலங்கிட்ட கைகளை முதலிலேயே கண்ட பார்வையாளர், சேலை முடியாது என்பதை ஊகித்துவிடுகிறார். ஆயினும் ஒவ்வொரு நாளும் கொட்டிலில் துணி ஏறும்போது, முடிந்துவிடுமோ என்ற நம்பிக்கை மீண்டும் எழுகிறது. தோற்ற ஓட்டம் என்று அறிந்தே அதனைப் பின்தொடர வைப்பதில் படத்தொகுப்பின் பங்கு பெரிது.

டில்லி மகளைச் சேர்கிறான். வேங்கடமும் சேர்கிறான். பொறுப்பேற்க உறவினர் மறுத்த நிலையில், விடுப்பு முடிந்து தான் சிறை திரும்பியதும் அவளைப் பார்க்க எவருமில்லை. விடுப்பும் ஒரு கெடுதான். படத்தின் கடைசிக் கெடு. அதற்குள் அவன் சோற்றில் நஞ்சிட்டு ஊட்டுகிறான். பிறகு தறியிலிருந்து அறுத்த பாதிச் சேலையால் உடலை மூடுகிறான். முகத்தை மூடினால் கால் தெரிகிறது. காலை மூடினால் முகம் தெரிகிறது. எவ்வளவு நெய்தான், எவ்வளவு எஞ்சியது என்ற கணக்கைப் படம் அப்போதுதான் முதன்முறையாகக் கண்முன் அளந்து காட்டுகிறது.